ஒரு கோப்பை டீ, இரண்டு கான்கள்

1994ஆம் வருஷம் இந்தியா முழுக்க ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தது. பத்திரிகை வைக்காமலே போனார்கள். மொய் எழுதுவதற்குப் பதில் டிக்கெட் எடுத்தார்கள். ஆகஸ்ட் 5ஆம் தேதி பந்தக்கால் நட்ட அந்தக் கல்யாணத்துக்கு 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' என்று பெயர். 14 பாட்டு, ஒரு கிரிக்கெட் ஆட்டம், கடிதத்தைச் சரியான ஆளிடம் சேர்க்கும் ஒரு நாய். மும்பை லிபர்ட்டி தியேட்டரில் நூறு வாரத்தைத் தாண்டியும் பந்தி நடந்தது. மாப்பிள்ளை வீட்டுப் பையன் பெயர் பிரேம். நடித்தவர் சல்மான் கான். அண்ணனுக்காகக் காதலியையே விட்டுக்கொடுக்கத் துணிந்த தங்கக் கம்பி. ஊரில் எல்லாத் தாய்மார்களும் தங்கள் பிள்ளையை அந்தப் பிரேமோடு ஒப்பிட்டு வைது தீர்த்தார்கள்.

பந்தி பாதியில் இருக்கும்போது, வடக்கே தீபாவளி வெடிச் சத்தம் ஓய்வதற்குள், நவம்பர் 4ஆம் தேதி இன்னொரு பிரேம் வந்து இறங்கினான். அதே சல்மான், அதே முகம். ஆனால் இவன் தையற்கார அப்பாவை ஏய்த்துக் காசைச் சுருட்டிக்கொண்டு, பணக்காரப் பெண் ஒருத்தியை வளைத்துப்போடக் கிளம்பிய தறுதலை. கூடவே இன்னொரு தறுதலை, அமர், நாவிதர் பிள்ளை. நடித்தவர் ஆமிர் கான். படத்தின் பெயர் 'அந்தாஸ் அப்னா அப்னா'. கல்யாண வீட்டு வாசலில் செருப்புத் திருட வந்த இரண்டு பேரை எப்படிப் பார்ப்பார்களோ, அப்படித்தான் தேசம் இவர்களைப் பார்த்தது. உள்ளே விடவில்லை.

இன்றைக்கு விசாரித்துப் பாருங்கள். அந்த வயதுக்காரர் யாராக இருந்தாலும், முதல் நாள் முதல் காட்சி பார்த்தேன் என்பார். அத்தனை பேரும் உண்மையைச் சொல்கிறார்கள் என்றால், படத்தைத் தூக்கிய தியேட்டர்காரர்களுக்கு எண்ணத் தெரியவில்லை என்று அர்த்தம்.

இந்த விபத்தை நடத்தி வைத்தவர் ராஜ்குமார் சந்தோஷி. அதுவரை அவர் கைவசம் இருந்தது கோபம் மட்டும்தான். 1990இல் 'காயல்' எடுத்தார்; சன்னி தேவோல் இரண்டரை மணி நேரம் கத்தினார். 1993இல் 'தாமினி' எடுத்தார். மறுபடி சன்னி தேவோல், இந்த முறை கறுப்புக் கோட்டு மாட்டிக்கொண்டு நீதிமன்றத்தில் கத்தினார். தேதிக்கு மேல் தேதி கொடுக்கிறீர்களே தவிர நியாயம் கொடுக்கவில்லையே என்று நீதிபதியைப் பார்த்து அவர் உறுமிய உறுமல் இன்றும் வக்கீல்கள் சங்கத்து ஆண்டு விழாக்களில் மிமிக்ரி ஆகிறது. அந்த உறுமலை எடுத்த சந்தோஷிக்கு விதி என்ன செய்தது? அவருடைய நகைச்சுவைப் படத்துக்கு நடிகர்களிடமிருந்து தேதியே கிடைக்காமல் செய்தது. நான்கு நட்சத்திரங்களும் ஒரே நாளில் ஒரே இடத்தில் நிற்க வேண்டும். ஒருவர் வந்தால் ஒருவர் இல்லை. படம் வருஷக்கணக்கில் இழுத்தது. நீதிமன்றமாவது தேதி கொடுக்கிறது.

வந்து நின்ற நாட்களிலும் சுகமில்லை. இது நட்பைப் பற்றிய படம் என்பதை வாசகர்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். படத்தில் ஒரு கட்டம் வரும். இரண்டு நண்பர்கள் ஒரே கோப்பையில் டீ குடித்தால் நட்பு வளரும் என்று ஒரு தத்துவம் சொல்வார்கள். கையில் காசு இல்லாதவன் சொல்லும் தத்துவம்தான். ஆனாலும் வட இந்தியக் கல்லூரி விடுதிகளில் முப்பது வருஷமாக டீக்கடைக்காரர்களின் வயிற்றில் அடித்துக்கொண்டிருப்பது இந்த வசனம்தான். அந்தக் கட்டத்தில் நடித்தபோது ஆமிருக்குச் சல்மானை அறவே பிடிக்காது. நான் சொல்லவில்லை, ஆமிரே 2013இல் கரண் ஜோஹரின் காபி நிகழ்ச்சியில் உட்கார்ந்து சொன்னார். அந்தப் படத்தில் சல்மானோடு வேலை பார்த்தது தனக்குக் கசப்பான அனுபவம் என்றும், அதற்கப்புறம் அவரிடமிருந்து விலகியே இருக்க நினைத்ததாகவும் சொன்னார். பிறகு எப்படி நண்பர்கள் ஆனீர்கள்? 2002 வாக்கில், மணவாழ்க்கை முறிந்து தாம் நொந்துபோயிருந்த நேரத்தில் சல்மான் வீடு தேடி வந்தார், சேர்ந்து உட்கார்ந்து குடித்தோம், ஒட்டிக்கொண்டோம் என்றார். ஆக, டீயில் வளராத நட்பு வேறு பானத்தில் வளர்ந்திருக்கிறது. வசனத்தில் அந்த ஒரு சொல்லைத்தான் தப்பாக எழுதிவிட்டார்கள்.

நாயகிகள் பக்கம் நிலைமை இன்னும் விசேஷம். ரவீணா டாண்டனும் கரிஷ்மா கபூரும் அப்போது முகம் கொடுத்துப் பேசுவதில்லை. கதையில் உயிருக்கு உயிரான தோழிகள். கிளைமாக்ஸில் இருவரையும் சேர்த்துத் தூணில் கட்டிப்போட்டிருப்பார்கள் வில்லன்கள். கட்டியாயிற்று, ஷாட் முடிந்தது. நீங்கள் இருவரும் பேசினால்தான் கட்டை அவிழ்ப்போம் என்று படக்குழுவினர் அடம்பிடித்ததாக ரவீணாவே பின்னாளில் பேட்டியில் சொல்லிச் சிரித்திருக்கிறார். நம் குடும்பங்களில் பேச்சுவார்த்தை முறிந்த அண்ணன் தம்பிகளுக்கும் ஓரகத்திகளுக்கும் இந்த முறையைச் சிபாரிசு செய்யலாம். கயிறும் ஒரு தூணும் போதும். பெரிய மனிதர்கள் சமரசம் பேச வந்து வீட்டுக் காபித் தூளைக் காலி செய்வதைவிடச் சிக்கனம்.

இந்த லட்சணத்தில் எடுக்கப்பட்ட படத்தில், நான்கு பேரும் பிறந்ததிலிருந்து ஒரே தெருவில் புழுதி கிளப்பியவர்கள் மாதிரி இருப்பதுதான் ஆச்சரியம். நடிப்பு என்றால் என்ன என்று கேட்பவர்களுக்கு உலக சினிமா எல்லாம் காட்ட வேண்டாம். இதைக் காட்டினால் போதும்.

கதையைச் சொல்லிவிடுகிறேன். சுருக்கமாகச் சொல்ல முடியாது. ஆனால் நீளமாகச் சொன்னால் இன்னும் புரியாது.

லண்டனில் ராம் கோபால் பஜாஜ் என்று ஒரு கோடீஸ்வரர். மகளுக்கு இந்திய மாப்பிள்ளை வேண்டும் என்று இந்தியாவுக்கு அனுப்புகிறார். மகளின் பெயர் ரவீணா. அந்த வேடத்தில் ரவீணா. கூட வரும் காரியதரிசியின் பெயர் கரிஷ்மா. அந்த வேடத்தில் கரிஷ்மா. பெயர் யோசிக்கக்கூட நேரமில்லை போலிருக்கிறது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். பிறகுதான் குட்டு உடைகிறது: பணத்துக்காக வருகிறவனைக் கண்டுபிடிக்கத் தோழிகள் இருவரும் பெயரை மாற்றிக்கொண்டிருக்கிறார்கள். அதாவது ரவீணாவாக வரும் ரவீணா உண்மையில் கரிஷ்மா. கரிஷ்மாவாக வரும் கரிஷ்மாதான் உண்மையில் ரவீணா. இதைச் சத்தமாக இரண்டு தடவை சொல்லிப் பாருங்கள். இருவரும் ஏன் பேசிக்கொள்ளவில்லை என்று புரிந்துவிடும். எந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது?

அமரும் பிரேமும் ஒருவரை ஒருவர் அறியாமல் அதே பெண்ணைக் குறிவைத்துக் கிளம்புகிறார்கள். வழியில் பஸ்ஸில் சந்திக்கிறார்கள். வெட்டிப் பையன்கள் இருவர் பஸ்ஸில் அடுத்தடுத்து உட்கார்ந்தால் என்ன பேசுவார்களோ அதையே பேசுகிறார்கள்: பீலா. பீலாவுக்கு மேல் பீலா. அந்த பஸ் போகிற ஊர் எது தெரியுமா? ஊட்டி.

ஆமாம், நம்ம ஊட்டி. நீலகிரி மாவட்டம். கதை நடக்கும் ஊட்டியில் போலீஸ்காரர் இந்தி பேசுகிறார், ஹோட்டல்காரர் இந்தி பேசுகிறார், கொலைகாரன் இந்தி பேசுகிறான். 1965இல் தமிழ்நாட்டு மாணவர்கள் தெருவில் இறங்கித் தடுத்து நிறுத்திய காரியத்தைப் படக்குழு ஒரு பஸ் டிக்கெட் செலவில் முடித்துவிட்டது. பொங்கி எழலாம் என்று பார்த்தால், இரண்டு வருஷம் முன்னால்தான் நாம் 'ரோஜா'வில் காஷ்மீர்த் தீவிரவாதிகளை உட்கார வைத்துத் தமிழ் பேச வைத்திருந்தோம். கணக்கு நேராகிவிட்டது. பேசாமல் இருப்பது உத்தமம்.

ஊட்டியில் அமர், அந்தப் பெண்ணால் தலையில் அடிபட்டு நினைவு தப்பியதாக நடித்து அவள் வீட்டுக்குள்ளேயே விருந்தாளி ஆகிறான். அடிப்படையில் பலே யோசனை. வாடகை கிடையாது, சாப்பாடு இலவசம், அடையாள அட்டையை யாரும் கேட்க முடியாது. சும்மா விடுவானா பிரேம்? நினைவு தப்பியவனுக்கு வைத்தியம் பார்க்கும் டாக்டராக அதே வீட்டில் நுழைகிறான். இல்லாத நோய்க்கு இல்லாத டாக்டர். நோயாளி நோயை ஒப்புக்கொண்டால் டாக்டர் கையால் அடி. மறுத்தால் வீட்டை விட்டு வெளியேற்றம். இந்த அரை மணி நேரம்தான் படத்தின் உச்சம் என்பது என் கட்சி. இந்தக் கட்சியில் சேராதவர்கள் கோகோ கட்சிக்காரர்கள். அவர்களிடம் பிறகு வருகிறேன்.

பணத்துக்காக வந்த இருவரில் அமர் மாய்ந்து மாய்ந்து பின்னால் சுற்றியது காரியதரிசியை. அவளை விட்டுக்கொடுத்துக் கரிஷ்மாவைக் காதலித்த பிரேம் மடியில்தான் லண்டன் சொத்து விழுகிறது. நீதிக் கதை என்று நினைத்துவிடாதீர்கள். அவனும் திருந்தியெல்லாம் போகவில்லை. குருட்டு அதிர்ஷ்டம்.

இனி வில்லன்கள். ராம் கோபால் பஜாஜுக்கு ஒரு இரட்டைப் பிறவி: ஷியாம் கோபால் பஜாஜ் என்கிற தேஜா. அண்ணனைக் கடத்திவிட்டு அந்த இடத்தில் தான் போய் உட்கார்ந்து சொத்தை அமுக்குவது திட்டம். இரண்டு வேடத்திலும் பரேஷ் ராவல். அதே காலத்தில் கேதன் மேத்தாவின் 'சர்தார்' படத்தில் வல்லபபாய் படேலாக நடித்து, ஐந்நூற்றுச் சொச்சம் சமஸ்தானங்களை மசியவைத்து இந்தியாவோடு சேர்த்தவர் இவர்தான். இங்கே ஒரே ஒரு வீட்டைச் சேர்த்துக்கொள்ள முடியாமல் திண்டாடுகிறார். நிஜாமே வழிக்கு வந்தார். ராபர்ட்டும் பல்லாவும் வரவில்லை.

ராபர்ட், பல்லா இருவரும் தேஜாவின் கையாட்கள். பஜாஜ் மகள் வீட்டில் வேலைக்காரர்களாக நுழைக்கப்பட்டவர்கள். ராபர்ட்டாக வருகிற விஜு கோட்டேயைப் பார்த்ததும், இந்திப் படம் பார்க்கிறவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். 1975இல் 'ஷோலே'யில் காலியாவாக வந்து, கப்பர் சிங்கின் உப்பைத் தின்று, அதன் பிறகு அவர் கையாலேயே குண்டையும் தின்றவர். பத்தொன்பது வருஷம் கழித்து வேறு முதலாளியிடம் வேலைக்குச் சேர்ந்திருக்கிறார். அனுபவம் ஏறியும் காரியம் ஒன்றும் தேறவில்லை. பல்லாவாக வருபவர் ஷெஹ்சாத் கான்; பழைய வில்லன் அஜித்தின் சொந்த மகன். (நம்ம அஜித் இல்லை. இவர் ஹமீத் அலி கான் என்கிற அஜித், 'காளிசரண்' படத்து லயன்.) அப்பாவின் குரலையும் இழுவையையும் அப்படியே பேசுவார். தொண்ணூறுகளில் அஜித் ஜோக் சொல்லாத வடக்கத்திக் கல்லூரிப் பையன் கிடையாது. அந்த ஜோக்குகளில் ராபர்ட் என்பது அடியாளின் நிரந்தரப் பெயர். அஜித்தின் பிள்ளை ராபர்ட் என்று கூப்பிட, ஷோலே காலியா திரும்பிப் பார்க்க, சிரிப்பு திரையில் பாதியும் பார்க்கிறவர் ஞாபகத்தில் பாதியுமாக நடக்கிறது.

படமே இப்படி ஒரு சத்திரம்தான். இந்தி சினிமாவில் ஓய்வு பெற்ற பாத்திரங்கள் அத்தனை பேருக்கும் இங்கே இடமும் சோறும் உண்டு. பிரேமின் அப்பா பாங்கேலால் போபாலி. நடித்தவர் ஜக்தீப், ஷோலேயின் மரக்கடை சூர்மா போபாலி. அமரின் அப்பா தேவேன் வர்மா, 'அங்கூர்' படத்தில் இரட்டை வேலைக்காரர்களாக வந்து ஆள்மாறாட்டத்தில் கரைகண்டவர். பிள்ளை ஆள்மாறாட்டம் செய்யாமல் என்ன செய்வான்? எல்லோருக்கும் மேலே, தேஜாவுக்குக் கடன் கொடுத்துவிட்டு வசூலுக்கு அலையும் தாதா, கிரைம் மாஸ்டர் கோகோ. சக்தி கபூர். 'மிஸ்டர் இந்தியா'வில் அமரீஷ் புரி நடித்தாரே மொகாம்போ, அவருடைய தம்பி மகன் என்று சொல்லிக்கொண்டு வருகிறார். சித்தப்பா பெரியப்பா பெயரைச் சொல்லி வேலை கேட்கிற வழக்கம் பாதாள உலகத்திலும் இருக்கிறது.

கோகோவின் சிறப்பு என்னவென்றால் யாரும் பயப்படுவதில்லை. கண்ணைப் பிடுங்கிக் கோலி ஆடுவேன் என்று மிரட்டுவார். எதிராளி கொட்டாவி விடுவான். வந்த காரியம் நடக்காது. அதற்காக வெறுங்கையோடு திரும்புகிற ஆளும் இல்லை. வந்ததுக்கு ஏதாவது எடுத்துக்கொண்டுதான் போவேன் என்று கையில் அகப்படும் சில்லறைச் சாமானோடு கிளம்புவார். கல்யாண வீட்டிலிருந்து தாம்பூலப் பையோடு திரும்பும் கௌரவம் அந்த நடையில் இருக்கும். அவர் வந்தபின் படம் சற்றே தளர்கிறது என்பதும் என் கட்சி. வைரம், துப்பாக்கி, குகை மாதிரி ஒரு கூடாரம், ஆளுக்கு ஆள் துரத்தல் என்று அந்தக் கால இந்திப் படத்தின் கடைசி அரை மணி நேரத்தை நையாண்டி செய்யப் போய், அதே மாதிரி நீண்டும் விடுகிறது. நையாண்டிக்கும் நகலுக்கும் நடுவே இருக்கும் கோடு மெல்லியது. கோகோ கட்சிக்காரர்கள் என்னை மன்னிக்க மாட்டார்கள்.

தமிழ்க்காரன் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ள வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது. படத்தில் மெஹ்மூத் கொஞ்ச நேரம் வருவார். பெயர் ஜானி. தொழில், படத் தயாரிப்பு. கம்பெனி பெயர், வா வா புரொடக்‌ஷன்ஸ். மும்பை ரசிகர்கள் அங்கே கைதட்டியது 1966இல் வந்த 'ப்யார் கியே ஜா'வை நினைத்து. அந்தப் படத்தில் மெஹ்மூத் இதே கம்பெனியை ஆரம்பித்து, அப்பா ஓம் பிரகாஷின் சொத்தைக் கேட்டு அரிப்பார். அது எங்கிருந்து போனது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. 1964இல் ஸ்ரீதர் எடுத்த 'காதலிக்க நேரமில்லை'. செல்லப்பா, ஓஹோ புரொடக்‌ஷன்ஸ். பாலையாவின் முகம் பேயடித்தாற்போல் மாற மாற நாகேஷ் கதை சொன்ன அந்தக் காட்சியின் பங்காளிதான் மும்பைக் கம்பெனி. இந்தியிலும் ஸ்ரீதரே இயக்கினார். மெஹ்மூத் சிறந்த நகைச்சுவை நடிகருக்கான ஃபிலிம்ஃபேர் விருதைக் கொண்டுபோனார். சென்னையில் ஆரம்பித்து, மும்பையில் கிளை திறந்து, முப்பது வருஷம் கழித்தும் ஒரு ரீல்கூட எடுக்காமல் நிலைத்து நிற்கும் ஒரே சினிமா கம்பெனி இதுதான். படம் எடுத்த கம்பெனிகள் எல்லாம் கல்யாண மண்டபமாகிவிட்டன.

மெஹ்மூதுக்கும் மெட்ராஸுக்கும் அதற்கு முன்பே கொடுக்கல் வாங்கல் உண்டு. 1958இல் பந்துலு எடுத்த 'சபாஷ் மீனா'வில் சிவாஜியோடு சந்திரபாபு அடித்த கூத்தை, 1962இல் 'தில் தேரா தீவானா' என்று பந்துலுவே இந்திக்குக் கொண்டுபோனபோது சந்திரபாபு இடத்தில் மெஹ்மூத் நின்றார். அதற்கும் ஒரு ஃபிலிம்ஃபேர். நம் ஆட்கள் விழுந்து புரண்டு கண்டுபிடித்த சேஷ்டைகளுக்கு அங்கே ஒருவர் கோப்பை வாங்கி அடுக்கினார் என்று வயிறு எரியலாம். அவர் அதைப் பிரமாதமாகச் செய்தார் என்பதையும் ஒப்புக்கொண்டாக வேண்டும்.

போனது திரும்பியும் வந்தது. 1996 பொங்கலுக்கு சுந்தர் சி. 'உள்ளத்தை அள்ளித்தா' கொடுத்தார். ஒரே பெண் மேல் கண் வைத்து ஒரே வீட்டுக்குள் நுழையும் இருவர், கார்த்திக்கும் கவுண்டமணியும். பணக்கார அப்பாவுக்கு ஒரு திருட்டு இரட்டையர், கடத்தல், ஆள் மாற்றம். இரண்டு வேடத்திலும் மணிவண்ணன். ஊர், ஊட்டி. படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. மும்பையில் ஆமிரும் சல்மானும் சேர்ந்து செய்ய முடியாததைச் செய்துகாட்டியதோடு கவுண்டமணி இன்னொரு தேசத் தொண்டும் ஆற்றினார்: ஊட்டியில் மறுபடி தமிழ் பேசப்பட்டது.

பாட்டுகளைச் சொல்லாமல் விட்டால் பாவம். இசை துஷார் பாட்டியா. இந்தி சினிமாவில் அதிகம் இசையமைக்காதவர். ஐம்பதுகளின் ஓ.பி. நய்யார் மெட்டுகளை, குதிரை வண்டிக் குளம்படித் தாளம் உட்பட, 1994இல் கொண்டுவந்து இறக்கினார். எழுதியவர் மஜ்ரூஹ் சுல்தான்புரி, அந்த ஐம்பதுகளிலேயே நய்யாருக்கு 'ஆர் பார்', 'சி.ஐ.டி.' எல்லாம் எழுதியவர். நகல் எடுப்பதற்கு அசல் ஆளையே கூப்பிடுவது எவ்வளவு பெரிய சோம்பேறித்தனம், எவ்வளவு பெரிய புத்திசாலித்தனம். சல்மானின் குரல் அந்த நாட்களில் நம் எஸ்.பி.பி.தான். பஸ்ஸில் இரண்டு தறுதலைகளும் வாழ்க்கையில் முன்னேறக் கிளம்பும் பாட்டில் அவர் குரலில் ஒரு குறும்பு வழியும். ஆஷா போஸ்லேயோடு பாடும் இரவுப் பாட்டில் அதே குரல் உருகும். கல்யாண வீட்டுப் பிரேமுக்கும் திருட்டுப் பிரேமுக்கும் ஒரே வருஷத்தில் பாடியவர். எந்தப் பிரேம் நல்லவன் என்று அவரிடம் கேட்டிருந்தால், இரண்டு பேருமே செல்லப் பிள்ளைகள் என்றிருப்பார்.

படம் ஏன் ஓடவில்லை என்பதற்கு ஆளுக்கு ஒரு காரணம் சொல்வார்கள். விளம்பரம் போதவில்லை, கதை புரியவில்லை. என் சந்தேகம் வேறு. இந்தப் படத்தை முதல் தடவை பார்ப்பது கஷ்டம். காலியா யார், லயன் யார், மொகாம்போ யார், சூர்மா போபாலி யார் என்று தெரிந்து, பக்கத்து ஆள் சிரிக்கும் முன்னால் சிரித்து முடித்து, அடுத்த வசனத்துக்குத் தயாராக வேண்டும். காசு கொடுத்து ஒரு தடவை பார்க்கிறவனுக்கு அந்த அவகாசம் கிடையாது. கேபிள் டி.வி.க்காரன் ஞாயிற்றுக்கிழமை மதியம் போட்டதையே போடும் காலம் வந்தது. படிக்கிற பையன்கள் பரீட்சைக்கு முதல் நாள் எட்டாவது தடவையாகப் பார்த்தார்கள். எட்டாவது தடவையில்தான் பின்னணியில் ராபர்ட் செய்துகொண்டிருக்கும் வேலை கண்ணில் படும். படம் அங்கேதான் ஓட ஆரம்பித்தது. ஓடியதில் தயாரிப்பாளர் வினய் சின்ஹாவின் பெட்டிக்கு எவ்வளவு போய்ச் சேர்ந்திருக்கும் என்று நினைத்தால் கோகோவின் வசூல் நிலைமைதான் ஞாபகத்துக்கு வருகிறது.

அதன் பிறகு இரண்டாம் பாகம் வருகிறது வருகிறது என்று ஒரு தலைமுறையே வளர்ந்து, கல்யாணம் செய்து, பிள்ளை பெற்றுவிட்டது. ஆமிரைக் கேட்டால் ஆசைதான் என்கிறார். சல்மானைக் கேட்டால் அவருக்கும் ஆசைதான். சந்தோஷியைக் கேட்டால் கதை பேசுகிறார். தேதி மட்டும்தான் குறை. தாமினி வக்கீலைக் கூப்பிட்டுப் பார்க்கலாம்.

இரண்டாம் பாகத்துக்குப் பதிலாக 2025 ஏப்ரல் 25ஆம் தேதி முதல் பாகத்தையே துடைத்து மெருகேற்றி மறுபடி தியேட்டரில் விட்டார்கள். போனவர்கள் படம் பார்க்கப் போகவில்லை, ஒப்பிக்கப் போனார்கள். திரையில் ஆமிர் வாயைத் திறப்பதற்குள் அரங்கம் வசனத்தைச் சொல்லிவிடுகிறது. முப்பத்தோரு வருஷத்துக்கு முன்னால் இதே நாற்காலிகள் காலியாகக் கிடந்தன.

அடுத்த மாதமே விவகாரம் கோர்ட்டுக்கும் போனது. படத்தின் பெயரையும் பாத்திரங்களையும் வசனங்களையும் பனியன் முதலான சரக்குகளில் அச்சடித்தும் இணையத்தில் போட்டும் ஊரார் காசு பார்க்கிறார்கள் என்று தயாரிப்பாளர் தரப்பு டெல்லி உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட, அனுமதியில்லாமல் பயன்படுத்தக் கூடாது என்று இடைக்கால உத்தரவு கிடைத்தது. கிரைம் மாஸ்டர் கோகோ, தேஜா எல்லோரும் இப்போது சட்டத்தின் பாதுகாப்பில் இருக்கிறார்கள். வந்த இடத்தில் அகப்பட்டதை எடுத்துக்கொண்டு போகிற கோகோவை இனி யாரும் அப்படி எடுத்துக்கொண்டு போக முடியாது. தேஜா அவருக்குத் தர வேண்டிய பாக்கியைப் பற்றி மட்டும் கனம் கோர்ட்டார் வாய் திறக்கவில்லை.